மட்டாஞ்சேரி யூதப் பள்ளி: செப்பேடு முதல் அஞ்சல்தலை வரை

கி.பி. 1000-ஐ ஒட்டிய சில ஆண்டுகளுக்குள் தென்னாட்டு வேந்தர் இருவர், கடல் கடந்து வந்தவர்களுக்குச் செப்பேடு எழுதிக் கொடுத்தார்கள். ஒருவர் நம் இராசராச சோழர். நாகப்பட்டினத்தில் ஸ்ரீவிஜய மன்னர் எழுப்பிய சூடாமணி விகாரத்துக்கு, கீழ்வேளூர்ப் பக்கத்து ஆனைமங்கலத்தை 1006-ல் பள்ளிச்சந்தமாக விட்டார். மற்றவர், சோழர் படையெடுத்துப் போன சேரநாட்டின் பெருமாள் பாஸ்கர ரவிவர்மர். முயிரிக்கோட்டில், அதாவது பழைய முசிறியில் இருந்தபடி, ஜோசப் ரப்பான் என்ற யூத வணிகத் தலைவருக்கு உரிமைப் பட்டயம் வழங்கினார்.

பௌத்தப் பள்ளிக்குத் தந்த ஏடு நாகையில் இல்லை. அந்தப் பள்ளியும் இல்லை. யூதருக்குத் தந்த ஏடு கொச்சி மட்டாஞ்சேரியில், பரதேசிப் பள்ளி எனப்படும் யூத ஜெபஆலயத்தின் காவலில் இருக்கிறது. அந்தப் பள்ளியின் வரலாற்றை எழுதித் தரும்படி மலர்க்குழுவினர் கேட்டார்கள். தஞ்சை மண்ணில் வெளிவரும் விழா மலரில் கொச்சிக்கு என்ன வேலை என்று சிலர் நினைக்கலாம். நம் டெல்டாவில் பெயர் சொல்லும்படி ஒரு யூதப் பள்ளி கிடையாது என்பது உண்மைதான். ஆனால் கொச்சிப் பள்ளியின் கதையைத் தொட்டால் நாகப்பட்டினத்துத் துறைமுகம் நடுநடுவே தலைகாட்டிக்கொண்டே இருக்கும்.

முதலில் செப்பேடு. இரண்டே தகடுகள். வட்டெழுத்தில், இடையிடையே கிரந்த எழுத்துக் கலந்து வெட்டியது. கல்வெட்டு வாசித்துப் பழகிய தஞ்சைக்காரருக்கு அதன் போக்கு அந்நியமாகவே படாது. அரசரின் ஆட்சியாண்டு, அவர் வீற்றிருந்த இடம், பெறுபவர் பெயர், பெற்ற உரிமை, உலகும் சந்திரனும் உள்ளவரை அது செல்லும் என்ற உறுதி, கடைசியில் சாட்சி நிற்கும் நாடுவாழிகளின் பெயர்கள். பெரிய கோயில் அதிட்டானத்தில் நாம் பார்க்கும் ஒழுங்குதான். பெறுபவர் பெயர் மட்டும் இசுப்பு இரப்பான்.

கொடுத்த உரிமைகள் 72. பல்லக்கு, குடை, பகல்விளக்கு, நடக்கும் வழியில் விரிக்கும் பாவாடை, காகளம், தோரணம் என்று பட்டியல் போகிறது. சுங்கம் வாங்கும் உரிமை உண்டு. ஊரார் அரசுக்குக் கட்டுகிற இறைகளிலிருந்து விலக்கும் உண்டு. அஞ்சுவண்ணம் என்ற வணிகக் குழுவின் தலைமையும் அவருக்கே. இவை மகன்களோடு நிற்காமல் மகள்கள், மருமக்கள், மகளைக் கட்டியவர்கள் வரை தொடரும் என்றும் எழுதியிருக்கிறது. பட்டப்பகலில் விளக்கேந்திப் போவதில் என்ன பெருமை என்று இன்றைய பிள்ளைகள் கேட்கக்கூடும். கோயில் திருவிழாவில் பரிவட்டம் யாருக்கு, முதல் மரியாதை யாருக்கு என்று நீதிமன்றம் வரை போன வழக்குகளைப் பார்த்த நம் வட்டாரத்துப் பெரியவர்கள் அப்படிக் கேட்கமாட்டார்கள். தெருவில் யார் குடை பிடிக்கலாம் என்பதே மதிப்பைத் தீர்மானித்த நாட்டில், அயல்நாட்டு வணிகர் ஒருவருக்கு அந்தக் குடையைக் கொடுப்பது சிறிய காரியமல்ல.

சமூக வழக்கில் இந்த ஏட்டின் காலம் 379 என்றே நெடுங்காலம் சொல்லிவந்தார்கள். எழுத்தமைதியையும் அரசரின் ஆட்சியாண்டையும் ஆராய்ந்தவர்கள் 1000 என்று நிறுவினார்கள். அந்த நேரத்தில் சேரநாடு நிம்மதியாக இல்லை. இராசராசர் தம் ஆட்சியின் தொடக்கத்திலேயே காந்தளூர்ச் சாலையைத் தாக்கியிருந்தார். சோழரின் நெருக்குதல் அதன் பிறகும் ஓயவில்லை. பணமும் கப்பலும் வைத்திருந்த வணிகர்களின் துணை சேரருக்குத் தேவைப்பட்டது. வரலாற்றறிஞர் எம்.ஜி.எஸ். நாராயணன் இப்பட்டயத்தை அந்தப் போர்ச் சூழலோடு சேர்த்துத்தான் பார்த்தார். அவர் கணிப்பு சரியென்றால், யூதருக்குக் கிடைத்த குடைக்கும் பல்லக்குக்கும் மறைமுகக் காரணம் தஞ்சாவூர்.

யூதர்கள் அப்போது புதிதாக வந்து இறங்கியவர்கள் அல்லர். 849-ஐச் சேர்ந்த கொல்லம் தரிசாப்பள்ளிச் செப்பேட்டில், சிரியக் கிறித்தவத் தேவாலயத்துக்கு வேணாட்டு அய்யனடிகள் கொடுத்த கொடைக்குச் சாட்சியிட்டவர்களில் சிலர் எபிரேய எழுத்தில் கையொப்பமிட்டிருக்கிறார்கள். பக்கத்திலேயே அரபுக் கையொப்பம், பாரசீகப் பகலவிக் கையொப்பம். அஞ்சுவண்ணம் என்ற குழு மலபாரோடு நின்றுவிடவில்லை. தொண்டிக்கு அருகே தீர்த்தாண்டதானத்துக் கோயிலின் 13ஆம் நூற்றாண்டுக் கல்வெட்டிலும் அந்தப் பெயர் வருகிறது. பிற்காலத்தில் அதில் முஸ்லிம் வணிகர்களே மிகுதி. எகிப்தின் கெய்ரோவில் பென் எஸ்ரா ஜெபஆலயத்தின் பழந்தாள் அறையிலிருந்து 1896-97-ல் கேம்பிரிட்ஜுக்குப் போன கட்டுகளில், 12ஆம் நூற்றாண்டில் மங்களூரில் வெண்கலப் பட்டறை நடத்திய ஆபிரகாம் பென் யிஜு என்ற யூத வணிகரின் கடிதங்கள் கிடைத்தன. மிளகு வாங்க வந்தவர் துளுநாட்டுப் பெண்ணோடு குடும்பம் நடத்திப் பல ஆண்டுகள் இங்கேயே இருந்துவிட்டார்.

இனிப் பள்ளிக்கு வருவோம். 1341-ல் பெரியாற்றில் வந்த பெருவெள்ளம், பழைய முசிறிப் பகுதியான கொடுங்கல்லூரின் துறைமுகத்தைத் தூர்த்துவிட்டுக் கொச்சிக்கு ஒரு துறைமுகத்தைத் திறந்து விட்டது. ஆறு தடம் மாறினால் ஊரின் பிழைப்பே மாறும் என்பதைக் கொள்ளிடக் கரைக்காரர்களுக்குச் சொல்லத் தேவையில்லை. யூதக் குடும்பங்கள் கொஞ்சம் கொஞ்சமாகக் கொச்சிக்கு நகர்ந்தன. கொச்சங்காடியில் 1344-ல் ஒரு பள்ளி கட்டினார்கள். அந்தக் கட்டடம் போய்விட்டது. அதன் எபிரேயக் கல்வெட்டு மட்டும் இன்றும் பரதேசிப் பள்ளியின் முற்றத்துச் சுவரில் பதிந்திருக்கிறது. 1524-ல் கொடுங்கல்லூர் யூதர்கள் தாக்குதலுக்கு ஆளாகி வீடு வாசலை விட்டு ஓடிவந்தபோது கொச்சி அரசர் புகலிடம் கொடுத்தார்.

இதற்கிடையே வேறொரு கூட்டமும் வந்து சேர்ந்திருந்தது. 1492-ல் ஸ்பெயின் தன் நாட்டு யூதர்களை வெளியேற்றியது. துருக்கி, சிரியா, ஈராக் வழியாக அவர்களில் சிலர் கொச்சி வந்தார்கள். அயல் தேசத்திலிருந்து வந்தவர்கள் என்ற பொருளில் இவர்களைத்தான் பரதேசிகள் என்றார்கள். ஏற்கெனவே இருந்தவர்கள் மலபார் யூதர்கள். 1568-ல் கொச்சி அரசர் தம் அரண்மனைச் சுவரை ஒட்டியே பரதேசிகளுக்கு இடம் கொடுக்க, பரதேசிப் பள்ளி எழுந்தது. இந்தப் பக்கம் பள்ளி, அந்தப் பக்கம் அரண்மனை வளாகத்துப் பழையன்னூர் பகவதி கோயில். சனிக்கிழமையில் யூதப் படைவீரர்கள் ஆயுதம் தொடமாட்டார்கள் என்பதால் கொச்சி அரசர் அன்று போர் வைப்பதில்லை என்றொரு செவிவழிக் கதையும் உண்டு.

அரசர் அண்டை வீட்டுக்காரர் என்பது அலங்காரமான செய்தி அல்ல. கொச்சிக் கோட்டைக்குள் போர்த்துக்கீசியர் இருந்தார்கள். அவர்களுடைய கோவாவில் மதவிசாரணை மன்றம் நடந்துகொண்டிருந்தது. அரண்மனையின் நிழல் இல்லாமல் ஒரு யூதப் பள்ளி அங்கே நூறாண்டு தாக்குப்பிடித்திருக்காது. அந்த நிழலுக்கும் ஒரு நாள் சோதனை வந்தது. 1662-ல் டச்சுக்காரர்கள் கொச்சியை முற்றுகையிட்டு, முடியாமல் பின்வாங்கினார்கள். முற்றுகைக்கு யூதர்கள் உதவினார்கள் என்று போர்த்துக்கீசியர் பழிவாங்கக் கிளம்பி யூதத் தெருவைச் சூறையாடிப் பள்ளிக்கும் தீ வைத்தார்கள். சுவடிகள் பல அழிந்தன. அடுத்த ஆண்டு ஜனவரியில் டச்சுக்காரர்கள் திரும்பி வந்து கோட்டையைப் பிடித்தார்கள். 1664-ல் பள்ளி மீண்டும் கட்டப்பட்டது. இன்று நாம் பார்ப்பது பெரும்பாலும் அந்தக் கட்டடம்தான்.

நாகப்பட்டினம் இங்கேதான் தலைகாட்டுகிறது. கொச்சியைப் பிடித்த ரைக்லாஃப் வான் கூன்ஸ்தான், 1658-ல் தூத்துக்குடி, மன்னார், யாழ்ப்பாணம், நாகப்பட்டினம் என்று போர்த்துக்கீசியரை வரிசையாக விரட்டிய படையெடுப்புக்கும் தலைவர். நாகையைப் பற்றி டச்சுக் கம்பெனி 1662-ல் தஞ்சை விஜயராகவ நாயக்கரோடு உடன்படிக்கை செய்துகொண்டது. கொச்சியைப் பற்றி அடுத்த ஆண்டு கொச்சி அரசரோடு செய்துகொண்டது. ஒரே கம்பெனி, ஒரே பீரங்கி, ஒரே கணக்குப் புத்தகம். 1690-ல் சோழமண்டலக் கரைக்கான தலைமையிடத்தைப் பழவேற்காட்டிலிருந்து நாகைக்கே மாற்றினார்கள். 1781-ல் ஆங்கிலேயர் நாகையைப் பறித்தார்கள். 1795-ல் கொச்சியையும் பறித்தார்கள். இரண்டு ஊர்களுக்கும் ஏறக்குறைய ஒரே ஜாதகம்.

டச்சுக் காலம் பரதேசிப் பள்ளிக்குப் பொற்காலம். ஆம்ஸ்டர்டாம் யூதர்களோடு தொடர்பு ஏற்பட்டது. 1686-ல் மோசே பெரேரா தெ பைவா என்பவர் அங்கிருந்து வந்து கொச்சி யூதர்களின் நிலையை நேரில் பார்த்து எழுதிய அறிக்கை அடுத்த ஆண்டே அச்சாயிற்று. ஜெபநூல்கள் கப்பலில் வரத் தொடங்கின. இந்தச் செழிப்பின் உச்சத்தில் நிற்பவர் எசக்கியேல் ரஹபி (1694–1771). அலெப்போவிலிருந்து வந்த குடும்பம். ஏறத்தாழ அரை நூற்றாண்டு டச்சுக் கம்பெனியின் தலைமை வணிகர். திருவிதாங்கூர் அரசரிடமும் கோழிக்கோட்டு சாமூதிரியிடமும் கம்பெனி பேச வேண்டியதையெல்லாம் இவர்தான் பேசினார். மிளகு இவர் கை வழியாகத்தான் போயிற்று.

1760-ல் பள்ளிக்கு முன்னால் மணிக்கூண்டு கட்டியவர் அவரே. அதன் முகங்களில் ரோமன் எண், எபிரேய எண், மலையாள எண். தெருவில் யார் நின்றாலும் தன் எழுத்தில் நேரம் பார்த்துக்கொள்ளலாம். ஏறக்குறைய அதே காலத்தில்தான் தஞ்சை மராத்திய மன்னர் பிரதாப்சிங் நாகூர் தர்காவுக்கு 131 அடி மினார் கட்டிக் கொடுத்தார். நாகூருக்கு இந்து அரசர் கட்டிய மினார், கொச்சி அரண்மனை வாசலில் யூதர் கட்டிய மணிக்கூண்டு. அந்த நூற்றாண்டில் கோபுரம் கட்ட மதம் குறுக்கே நிற்கவில்லை. பணமும் மனமும் இருந்தால் போதுமாயிருந்தது.

பள்ளியின் தரை ரஹபியின் இன்னொரு கொடை. 1762-ஐ ஒட்டி, சீனாவின் கான்டன் நகரிலிருந்து வெள்ளைப் பீங்கானில் நீல ஓவியம் தீட்டிய சதுர ஓடுகளை வரவழைத்துப் பரப்பினார். மொத்தம் சுமார் 1,100. ஒன்றைப் போல் இன்னொன்று இருக்காது என்று வழிகாட்டிகள் அடித்துச் சொல்வார்கள். குனிந்து பார்த்தால் சங்கதி விளங்கும். சாய்ந்த மரம், பூச்செடி என்று வடிவம் திரும்பத் திரும்ப வருகிறது. ஆனால் அச்சில் வார்க்காமல் ஒவ்வொன்றாகக் கையால் தீட்டியதால், கிளையின் வளைவு ஓட்டுக்கு ஓடு மாறுகிறது. ஒன்றில் நீலம் அடர்ந்து மை கொட்டியதுபோல் நிற்கும், அடுத்ததில் தூரிகை வறண்டு வெளுத்திருக்கும். நம்மூர் ஆத்தங்குடிக் கல்லில் கைவேலைக்காரரின் விரல் தெரிவதுபோல இங்கே பெயர் தெரியாத கான்டன் ஓவியர்களின் கை தெரிகிறது. இந்த ஓடுகளை அரசர் தம் அரண்மனைக்கு வரவழைத்ததாகவும், இதில் பசு ரத்தம் கலந்திருக்கிறது என்று யூதர்கள் காதில் போட்டதும் அவர் முகம் சுளித்து, நீங்களே எடுத்துக்கொள்ளுங்கள் என்று சொல்லிவிட்டதாகவும் ஒரு கதை உண்டு. நம்பத் தேவையில்லை, ஆனால் மட்டாஞ்சேரியில் இதைச் சொல்லாமல் யாரும் உங்களை அனுப்பமாட்டார்கள்.

உள்ளே போகச் செருப்பைக் கழற்ற வேண்டும். உலகின் பெரும்பாலான யூத ஜெபஆலயங்களில் இல்லாத வழக்கம் இது. கோயில் ஊரில் வாழ்ந்ததால் வந்தது. மேற்கூரையிலிருந்து பெல்ஜியக் கண்ணாடிச் சரவிளக்குகளும் எண்ணெய் விளக்குகளும் தொங்குகின்றன. நடுவில் பித்தளைக் கம்பி வளைத்த மேடை. அங்கே நின்று மறைநூல் வாசிப்பார்கள். மேலே மாடத்தில் இரண்டாவது மேடை ஒன்று உண்டு. கேரளப் பள்ளிகளுக்கே உரிய அமைப்பு. அதன் பின்னால் பெண்கள் அமரும் இடம். மேற்குச் சுவரில், எருசலேம் திசை நோக்கி, பொன் பூசிய தேக்குமரப் பேழை. தோல் சுருளில் கையால் எழுதிய தோரா நூல்கள் அதற்குள். ஒரு சுருளின் தலையில் வைக்கும் பொற்கிரீடம் 1805-ல் திருவிதாங்கூர் மகாராஜா அனுப்பியது.

ஜெபம் எபிரேயத்தில், ஆண்கள் குரலில். வீட்டுக் கல்யாணமும் பண்டிகையும் வந்தால் பாட்டு மலையாளத்தில், பெண்கள் குரலில். விவிலியக் கதைகளையும் பள்ளி கட்டிய கதையையும் கொச்சி யூதப் பெண்கள் பாட்டாகக் கட்டி, நோட்டுப் புத்தகங்களில் எழுதித் தாயிடமிருந்து மகள் வாங்கிப் பாதுகாத்தார்கள். இருநூறுக்கு மேற்பட்ட பாடல்கள் இன்று கிடைக்கின்றன. அறிஞர் ஸ்கறியா சக்கறியாவும் ஒஃபிரா கம்லியேலும் அவற்றில் ஒரு தொகுப்பை 2005-ல் பதிப்பித்தார்கள். ஆண்கள் எழுதிவைத்த வரலாற்றைவிட இந்த நோட்டுகளில் ஊர் வாசனை அதிகம் என்பது என் எண்ணம்.

விழா மலர்களில் நல்லதையே எழுதுவது மரபு. ஆனால் இந்தப் பள்ளியின் வரலாற்றில் ஒரு கசப்பை விட்டுவிட்டு எழுதினால் மலர் வெறும் காகிதப் பூவாகிவிடும். செப்பேடு பெற்ற ஜோசப் ரப்பான் காலத்துக்கு ஐந்து நூற்றாண்டு பிந்தி வந்தவர்கள் பரதேசிகள். ஏடு கடைசியில் அவர்கள் பள்ளிக்குள் போயிற்று. பெருமையும் அவர்களிடமே போயிற்று. மலபார் யூதர்களைக் கறுப்பர் என்று ஒதுக்கி, பெண் கொடுக்காமல், சேர்ந்து உண்ணாமல் இருந்தார்கள். தங்கள் வீடுகளில் அடிமைகளாக இருந்து விடுதலை பெற்று யூத மதத்திலேயே வளர்ந்தவர்களின் வழித்தோன்றல்களுக்குப் பள்ளிக்குள் பெஞ்சில் இடமில்லை. முன்னறையில் தரையில் உட்கார வேண்டும். சாதி இந்துக்களிடம் செருப்பு கழற்றும் வழக்கத்தோடு இதையும் கற்றுக்கொண்டார்கள்.

அந்தத் தரையிலிருந்து எழுந்தவர் ஆபிரகாம் பராக் சேலம் (1882–1967). சென்னையில் சட்டம் படித்துத் திரும்பிய வழக்கறிஞர், கொச்சி சட்டமன்ற உறுப்பினர், 1929 லாகூர் காங்கிரசுக்குப் போனவர். 1924-ல் வைக்கத்தில் கோயில் தெருவுக்காக நடந்த சத்தியாகிரகத்தில் ஈரோட்டிலிருந்து பெரியார் போய்ச் சிறைபுகுந்தது நமக்குத் தெரியும். சேலம் அதே ஆயுதத்தைத் தம் சொந்தப் பள்ளிக்குள் எடுத்தார். சில காலம் பள்ளிக்குப் போகாமல் புறக்கணித்தார். பிறகு பிள்ளைகளோடு போய், உட்காரக்கூடாத இடத்தில் அமைதியாக உட்கார்ந்தார். 1940-களில் தடைகள் ஒவ்வொன்றாகத் தளர்ந்தன. தஞ்சை அரண்மனை தேவஸ்தானக் கோயில்கள் 1939-ல் எல்லோருக்கும் திறக்கப்பட்டதை இதோடு வைத்துப் பார்த்தால், ஒரே காற்று இரண்டு கரைகளிலும் வீசியது தெரியும். யூத காந்தி என்று அவரை அழைத்தார்கள். எந்தத் தெருவில் அவரைத் தள்ளி வைத்தார்களோ அந்தத் தெருவுக்கு இன்று அவர் பெயர்.

இவ்வளவு போராடிக் கிடைத்த இடத்தில் உட்கார ஆள் இல்லாமல் போனதுதான் பிறகு நடந்தது. 1948-ல் இஸ்ரேல் பிறந்தபோது கேரளத்தில் யூதர்கள் சுமார் 2,500 பேர். யாரும் அவர்களை விரட்டவில்லை; பக்தியாலும் பிழைப்பு நோக்கியும் தாமாகவே கிளம்பினார்கள். 1954-55-ல் மலபார் யூதர்கள் ஊர் ஊராகப் புறப்பட்டார்கள். பாலைவனத்து நெவாதிமிலும் மெசிலாத் சியோனிலும் பண்ணைக் கிராமங்களில் குடியேறினார்கள். அவர்களை அனுப்பிவைக்கும் வேலையில் முன்னின்றவர்களில் சேலமும் ஒருவர். அவர் மட்டும் கொச்சியிலேயே இருந்து இறந்தார்.

விட்டுப் போன பள்ளிகளுக்கு ஆளுக்கொரு விதி. சேந்தமங்கலமும் பறவூரும் அரசு அருங்காட்சியகங்களாயின. எர்ணாகுளம் கடவும்பாகம் பள்ளியின் முகப்பில் அலங்கார மீன் கடை நடந்தது. மட்டாஞ்சேரிக் கடவும்பாகம் பள்ளியின் மரவேலைப்பாடு முழுவதையும் கழற்றி எருசலேம் இஸ்ரேல் அருங்காட்சியகத்தில் பொருத்தினார்கள். வெறுங்கூடாக நின்ற கட்டடம் 2019 மழையில் இடிந்து விழுந்தது.

பரதேசிப் பள்ளி மட்டும் வழிபாட்டிடமாகவே தொடர்ந்தது. 1968 டிசம்பர் 15-ல் அதன் 400ஆம் ஆண்டு விழாவுக்குப் பிரதமர் இந்திரா காந்தி வந்தார். அன்றே அஞ்சல் துறை 20 பைசா தலை ஒன்றை வெளியிட்டது. பள்ளியின் உட்புறம் அதில் அச்சாகியிருக்கிறது. விழாவை முன்னின்று நடத்தியவர் சமூகத் தலைவர் எஸ்.எஸ். கோடர். கேரள வரலாற்றுச் சங்கம் 1971-ல் அவ்விழாவுக்கு ஒரு நினைவு மலர் கொண்டுவந்தது. விழா முடிந்து மூன்றாண்டு கழித்து மலர் வருவது நம்மூருக்கு மட்டும் உரிய வழக்கமல்ல என்பதில் நம் மலர்க்குழுவுக்கு ஓர் ஆறுதல். 1998 முதல் 2001 வரை உலக நினைவுச்சின்ன நிதியம் மணிக்கூண்டைப் பழுதுபார்த்தது. 2017-ல் பிரதமர் மோடி இஸ்ரேல் சென்றபோது இஸ்ரேல் பிரதமருக்குக் கொடுத்த பரிசு, இந்தச் செப்பேட்டின் படி. 2018 டிசம்பரில் 450ஆம் ஆண்டு விழாவுக்கு, கிளம்பிப் போன குடும்பங்களின் பேரப்பிள்ளைகள் இஸ்ரேலிலிருந்து வந்து கூடினார்கள்.

யூத வழக்கப்படி கூட்டு ஜெபத்துக்குப் பருவம் வந்த ஆண்கள் பத்துப் பேர் வேண்டும். மட்டாஞ்சேரியில் அந்தப் பத்து நெடுநாளாக இல்லை. வெளியூரிலிருந்து யாத்திரிகர்கள் வந்து சேர்ந்தால்தான் ஓய்வுநாள் ஜெபம் முழுமையாக நடக்கும். யூதத் தெருவில் பூத்தையல் கடை வைத்திருந்த சாரா கோஹென் 2019-ல் தமது 96ஆம் வயதில் காலமானார். கடைசிக் காலத்தில் அவரைப் பார்த்துக்கொண்டதும், அவர் கடையை இன்றும் நடத்துவதும் ஒரு முஸ்லிம் குடும்பம். பள்ளியின் நிர்வாகப் பொறுப்பில் இருந்த க்வீனி ஹலேகுவா 2024-ல் மறைந்தார். கட்டடத்துக்கு ஆபத்தில்லை. சீட்டு வாங்கிப் பார்க்க வருகிறவர்களுக்கும் குறைவில்லை.

சென்னையிலும் யூதர்கள் இருந்தார்கள். மத்தியதரைக் கடல் பவழத்தைக் கொண்டுவந்து கோல்கொண்டா வைரத்தை வாங்கிப் போன போர்த்துக்கீசிய யூத வணிகர்கள். 1688-ல் சென்னை மாநகராட்சி தொடங்கியபோது அதன் ஆல்டர்மேன் பதவிகளில் அவர்களுக்கும் இடம் இருந்தது. ஜார்ஜ் டவுனில் பவழக்காரத் தெரு என்ற பெயர் இன்னும் இருக்கிறது. சென்னையில் இன்று யூதப் பள்ளி இல்லை.

நம் கரைக்குத் திரும்பினால் கணக்கு இன்னும் மோசம். ஆனைமங்கலச் செப்பேட்டின் 21 தகடுகளும் டச்சுக்காலத்தில் கப்பலேறி, கைமாறி, 1862-ல் லெய்டன் பல்கலைக்கழகத்தில் சேர்ந்தன. வெளிநாட்டு நூல்களில் லெய்டன் செப்பேடு என்றே அதற்குப் பெயர் நிலைத்துவிட்டது. சூடாமணி விகாரத்தோடு சேர்த்துச் சொல்லப்படும் புதுவெளிக் கோபுரம் 19ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதி வரை நாகைக் கடற்கரையில் கப்பல்களுக்கு அடையாளமாக நின்றது. 1867-ல் அரசின் அனுமதியோடு அதை இடித்துச் செங்கலை வேறு கட்டடத்துக்குப் பயன்படுத்தினார்கள். மண்ணுக்கடியிலிருந்து கிளம்பிய புத்தர் வெண்கலங்கள் முந்நூறுக்கு மேல்; அவையும் பல அருங்காட்சியகங்களுக்குச் சிதறின. கொச்சியிலும் இழப்பு இல்லாமல் இல்லை. 1806-ஐ ஒட்டி வந்த கிளாடியஸ் புக்கானன் பாதிரியார் திரட்டிய எபிரேயச் சுவடிகள் இன்று கேம்பிரிட்ஜில் இருக்கின்றன. ஆனாலும் பட்டயம் போகவில்லை. பெற்றவர்களின் பிள்ளைகள் அங்கே வாழ்ந்தார்கள், தங்களுக்குள் சண்டை போட்டுக்கொண்டாவது ஏட்டைப் பேழையோடு வைத்துக் காத்தார்கள். நாகை விகாரத்துக்கு அப்படி உரிமை கொண்டாட ஒருவரும் மிஞ்சவில்லை. மிஞ்சிய கோபுரத்தை ஊரும் கேட்கவில்லை. இரண்டு செப்பேடுகளின் தலைவிதி பிரிந்தது இந்த இடத்தில்தான்.

கேட்க ஆள் வேண்டிய இடங்கள் டெல்டாவில் இன்னும் இருக்கின்றன. நாகை காரைக்கோப்பில் டச்சுக்காரர் கல்லறைகள் உள்ளன. தரங்கம்பாடியில் சீகன்பால்கு 1718-ல் கட்டிய புது எருசலேம் ஆலயம் நிற்கிறது. விவிலியத்தின் பழைய ஏற்பாட்டை ரூத் ஆகமம் வரை அவர் தமிழாக்கியது அந்த ஊரில்தான். பள்ளி ஆசிரியர்கள் பிள்ளைகளை ஆண்டுக்கொரு முறையாவது அங்கே கூட்டிப்போய், கல்லில் இருக்கும் பெயர்களையும் ஆண்டுகளையும் எழுதி எடுக்கச் செய்தால் நல்லது. எழுத்து தேய்ந்துகொண்டு வருகிறது.

கொச்சியைப் பார்க்க விரும்புகிறவர்களுக்கு ஒரு தகவல். காரைக்காலிலிருந்து நாகூர், நாகப்பட்டினம், திருவாரூர், தஞ்சாவூர் வழியாக எர்ணாகுளத்துக்கு இரவு ரயில் இருக்கிறது. எர்ணாகுளத்திலிருந்து மட்டாஞ்சேரிக்குப் படகில் போகலாம். அரண்மனையையும் பள்ளியையும் ஒரே காலையில் பார்த்துவிடலாம். வெள்ளி பிற்பகலிலும் சனிக்கிழமையிலும் யூதப் பண்டிகை நாட்களிலும் பள்ளிக்குள் பார்வையாளர்களை விடுவதில்லை. நாள் பார்த்துக் கிளம்புங்கள்.